ரேடியோ சத்தத்தைக் கொஞ்சம் குறைங்க, அக்கா

எல்லோரும் சௌக்கியம்தானே? முழங்கால் வலிக்காரர்களுக்கு வலி மட்டுப்பட்டதா? இருமல்காரர்களுக்கு இருமல் நின்றதா? தூக்கம் ஒழுங்காக வருகிறதா? வரவில்லை என்றால் விடுங்கள், யாருக்குத்தான் வருகிறது இந்தக் காலத்தில். கையில் இருக்கிற வேலையை ஓரமாக வையுங்கள். வைக்க முடியாது என்றால் செய்துகொண்டே கேளுங்கள், ரேடியோ கேட்கிற மாதிரி. கதையும் ரேடியோக்காரர் ஒருவருடைய கதைதான்.

காலை ஏழு மணி ஆனால் போதும், அந்த ஊரில் எந்த ஜன்னலைத் தாண்டிப் போனாலும் ஒரே குரல்தான். "வணக்கம் அக்கா, வணக்கம் அண்ணா, உங்க தம்பி வந்துட்டேன்!" சலூனில் அந்தக் குரல். பஸ்ஸில் அந்தக் குரல். துணி துவைக்கிற இடத்தில், மருந்துக்கடையில், ஆஸ்பத்திரி வராந்தாவில் எல்லாம் அதுதான். ஊருக்கே அவர் தம்பி. "அவன் நேத்து என்ன சொன்னான் தெரியுமா", "அவனுக்கு வாய் பாரு" என்று சின்னப் பிள்ளைகள்கூட அவன், இவன் என்றுதான் சொல்லும். நாமாவது அவர் என்று சொல்லிவைப்போம். மனிதருக்கு நாற்பத்து மூன்று வயது. முன்தலையில் முடி இல்லை. கிட்டப் பார்வைக்கு ஒரு கண்ணாடி, தூரப் பார்வைக்கு ஒரு கண்ணாடி. பதினாறு வயதை எட்டப்போகிற ஒரு பெண்ணுக்கு அப்பா.

ஆனால் ரேடியோவில் அவருக்கு இருபத்திரண்டு வயது. கல்யாணம் ஆகாத, பெண் கிடைக்காமல் அல்லாடுகிற இளவட்டம்.

இது யாரும் திட்டம் போட்டுச் செய்ததில்லை. இருபது வருஷத்துக்கு முன்னால் ஒருநாள், வரவேண்டிய ஆள் வரவில்லை என்று இவரை மைக்குக்கு முன்னால் உட்காரவைத்தார்கள். பயத்தில் முதல் போனை எடுத்து "சொல்லுங்க அக்கா" என்றார். அந்தம்மா, "சொல்லு தம்பி, கல்யாணம் ஆயிடுச்சா?" என்று கேட்டார். "யாரு குடுக்குறா அக்கா? நீங்க ஒரு பொண்ணு பாத்துச் சொல்லுங்க, இந்த மைக்கையே சீரா கொண்டுட்டு வரேன்" என்று இவர் உளறினார். அவ்வளவுதான், பற்றிக்கொண்டது. மறுநாள் முதல் ஊரிலுள்ள அக்காமாரெல்லாம் தம்பிக்குப் பெண் பார்க்க ஆரம்பித்துவிட்டார்கள்.

மூன்றாவது வருஷம் நிஜமாகவே கல்யாணம் ஆனது. அப்போதிருந்த மேனேஜர் முதுகில் தட்டிக்கொடுத்து, "ஒரு மாசம் மூடி வைப்பா. இப்பதான் சூடு பிடிச்சிருக்கு" என்றார். அந்த ஒரு மாசம் இன்னும் முடியவில்லை. பதினேழு வருஷம் ஆகிறது. நடுவில் அதைத் தாளில் எழுதிக் கையெழுத்தும் வாங்கிவிட்டார்கள். போட்டோ கூடாது, மேடை கூடாது, குடும்பத்தைப் பற்றி மூச்சு விடக்கூடாது.

மூச்சு விடாமல்கூட இருந்துவிடலாம். பேச்சு இருக்கிறதே, அது பெரிய சங்கடம். வெளியில் வாயைத் திறந்தால் குரல் காட்டிக்கொடுத்துவிடும். அதனால் வீட்டு வாசலைத் தாண்டினால் மனிதர் ஊமை. காய்கறிக்கடையில் கையைக் காட்டுவார், விரலை மடக்குவார், தலையை ஆட்டுவார். கடைக்கார அம்மா அவரைப் பார்த்து "உச்" கொட்டிவிட்டு ஒரு தக்காளியைக் கூடுதலாகப் போடுவார். கடையின் மூலையில் ரேடியோ பாடிக்கொண்டிருக்கும். "இந்தத் தம்பியோட வாயில பாதி இவருக்குக் குடுத்திருக்கலாம் கடவுள்" என்று அவர் மனைவியிடம் ஒருமுறை சொன்னார் கடைக்காரம்மா.

"குடுத்தாருன்னா நான்ல கேக்கணும்" என்றார் மனைவி. வீட்டுக்கு வந்து இருவரும் சிரித்த சிரிப்பு இருக்கிறதே! அப்போது சிரித்தார்கள். அது பத்து வருஷத்துக்கு முன்னால்.

அக்கம்பக்கத்தில், ரேடியோ ஸ்டேஷனுக்குக் கீழ்த்தளத்திலிருக்கிற டைல்ஸ் கடையில் வேலை என்று சொல்லி வைத்திருந்தார்கள். பள்ளிக்கூடத்து விண்ணப்பத்திலும் அதேதான். பெற்றோர் கூட்டத்துக்குப் போனால் கிளாஸ் டீச்சர் அவரிடம் மட்டும் உரக்க, ஒவ்வொரு வார்த்தையாக, கையை ஆட்டி ஆட்டிப் பேசுவார். "உங்க... பொண்ணு... நல்லா... படிக்கிறா!" அவர் தலையாட்டுவார். பக்கத்தில் மகள் தரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள்.

மகளை வீட்டில் கூப்பிடுவது டமாரம் என்று. பிறந்தபோது அழுத அழுகையில் மூன்று வார்டு எழுந்துகொண்டதாம். அன்று அவர் கூட இல்லை, மைக்கின் முன்னால் இருந்தார். வார்டில் நர்சுகள் ரேடியோ வைத்திருந்தார்கள். "அக்கா, ஒரு பொண்ணு கூடவா இல்ல இந்த ஊர்ல?" என்று தம்பி கெஞ்சுகிறார், நர்சுகள் சிரிக்கிறார்கள், "பாவம்டி, யாராவது கட்டிக்குங்களேன்" என்று ஒருத்தி சொல்கிறாள். மனைவி பச்சைக் குழந்தையை மார்பில் போட்டுக்கொண்டு அதைக் கேட்டபடி படுத்திருந்தார். "உங்கப்பா குரலத்தான் மொதல்ல கேட்ட நீ. பொண்ணு தேடிட்டிருந்தாரு" என்று பின்னாளில் மகளிடம் சொல்வார். அந்தக் கதை டமாரத்துக்கு மிகவும் பிடிக்கும், சின்னவளாக இருந்தவரையில்.

சரி, அந்த நிகழ்ச்சியைப் பற்றி இரண்டு விஷயம் சொல்லியாக வேண்டும்.

ஒன்று, எட்டு மணி பத்து நிமிஷத்துக்கு வருகிற பிறந்தநாள் வாழ்த்து. அதில் ஒரு வழக்கம் உண்டு. "சர்டிபிகேட் பேரு எனக்கு வேணாம் அக்கா, வீட்ல கூப்புடுற பேரச் சொல்லுங்க" என்பார் தம்பி. அதனால் லிஸ்ட் இப்படி இருக்கும்: 'குண்டு, வயசு நாலு, வாழ்த்துறது அப்பா அம்மா தாத்தா. வாலு, வயசு ஒன்பது, வாழ்த்துறது அம்மாவும் ரெண்டு சித்தியும். பெரிய மனுஷி, வயசு ஒன்று, வாழ்த்துறது வீடே.' யார் வாழ்த்துகிறார்கள் என்பதை ஒவ்வொன்றாகக் கேட்டுக் கேட்டு வாங்குவார். "அப்புறம்? அப்புறம் யாரு?" என்று இழுப்பார். ஊர்ப் பிள்ளைகளெல்லாம் அந்த ஒரு நிமிஷத்துக்காகப் பல்கூட விளக்காமல் ரேடியோ முன்னால் நிற்கும்.

சொந்தப் பெண்ணுக்கு மட்டும் அவர் வாழ்த்துப் படித்ததில்லை. ஒரே ஒரு தடவை, அவளுக்கு ஒரு வயது ஆனபோது, லிஸ்டோடு லிஸ்டாகச் சேர்த்துவைத்தார். அந்தப் பெயர் வந்ததும் தொண்டை அடைத்துக்கொண்டது. அவசரமாகப் பாட்டைப் போட்டுவிட்டார்கள். அதற்கப்புறம் பயம்.

இரண்டாவது விஷயம், குமிழ். குரலுக்கும் வயதாகுமல்லவா? ஐந்து வருஷத்துக்கு முன்னால் அது தெரிய ஆரம்பித்தது. ஸ்டூடியோவில் கண்ணாடிக்கு அந்தப்பக்கம் ஒலியைக் கவனிக்கிறவர் ஒருவர் உட்கார்ந்திருப்பார், கண்ணாடி அண்ணன் என்று பெயர். அவர் தம்பியைவிட ஆறு வயது சின்னவர். இருந்தாலும் அவர் அண்ணன், இவர் தம்பி. ஸ்டேஷனில் அப்படித்தான். ஒருநாள் கண்ணாடி அண்ணன் சொன்னார், "தம்பி, இன்னிக்குக் குரல்ல கொஞ்சம் அப்பா தெரியுறாரு." சொல்லிவிட்டு ஒரு குமிழை லேசாகத் திருகினார். ஹெட்போனில் தம்பிக்குத் தன் குரலே ஒரு பிடி இளசாகக் கேட்டது. வருஷா வருஷம் அதை இன்னும் கொஞ்சம் திருகினார்கள். இப்போது பாதிச் சுற்று வந்துவிட்டது.

வாரத்துக்கு இரண்டு வரனாவது கொண்டுவருகிற தையல் அக்கா ஒருவர் உண்டு, பதினாறு வருஷமாகப் போன் செய்கிறவர். அவர்தான் கண்டுபிடித்துக் கேட்டார். "என்னடா தம்பி, ரேடியோல கேட்டா சின்னப் பையனா இருக்க, போன்ல கேட்டா பெரிய மனுஷன் மாதிரி இருக்கியே?"

"லைன் அப்படிக்கா! உங்க போன மாத்துங்க!" என்று சமாளித்தார்.

பாட்டு ஓடும்போது கண்ணாடி அண்ணனிடம் விசாரித்தால், அவர் அலட்சியமாகச் சொன்னார். "போன்ல பேசறவங்களுக்குப் போற சத்தம் குமிழுக்கு முன்னாடியே பிரிஞ்சுடும் தம்பி. ரேடியோவுக்குப் போறதுதான் குமிழ் வழியாப் போகும். ஒருத்தர் ரெண்டு பேருக்காக யாரு வயரப் பிரிச்சுட்டு உக்காருறது?"

வேலையை விட்டுவிடலாமே என்று உங்களுக்குத் தோன்றும். அவர் வீட்டிலும் தோன்றியது. வேறொரு ஸ்டேஷனுக்குப் போய்ப் பார்த்தார். "தம்பியா வந்தீங்கன்னா நாளைக்கே வாங்க" என்றார்கள். "இல்ல, சாதாரணமா..." என்று இழுத்துக்கொண்டே சொந்தக் குரலில் ஒரு பக்கம் படித்துக்காட்டினார். கேட்ட பெண் காதிலிருந்ததைக் கழற்றிவிட்டு, "யாரோ மாமா படிக்கிற மாதிரி இருக்கே" என்றாள். மாமாதானே அம்மா என்று சொல்ல வாய் வந்தது. சொல்லாமல் எழுந்து வந்துவிட்டார்.

இப்படியே போயிருக்கும். ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், மறுநாளைக்கு மகளின் யூனிபார்மை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தார். அவள் கீழே உட்கார்ந்து ஷூவுக்குப் பாலிஷ் போட்டுக்கொண்டிருந்தாள். தலையைத் தூக்காமல் பேச்சை எடுத்தாள்.

"அப்பா, நாளைக்கு எனக்குப் பதினாறு."

"தெரியாதாடா எனக்கு? என்ன வேணும் சொல்லு."

"எதுவும் வாங்கித் தர வேணாம். ரேடியோவுல சொல்லு."

இஸ்திரிப்பெட்டி நின்றுவிட்டது.

"எங்க கிளாஸ்ல எல்லாருக்கும் சொல்லிட்ட. லாஸ்ட் பெஞ்சு குரங்குக்கெல்லாம் சொல்லியிருக்க. எனக்கு மட்டும் சொன்னதில்ல. 'என் பொண்ணு'ன்னு ஒரு தடவ சொல்லுப்பா."

"அது முடியாதேடா. ஒனக்குத் தெரியும்ல."

"சரி." பிரஷ்ஷை வைத்து இன்னும் வேகமாகத் தேய்த்தாள். "லிஸ்ட்லயாவது சொல்லு. டமாரம், வயசு பதினாறு, வாழ்த்துறது அப்பா அம்மா. யாருக்குத் தெரியப்போகுது? ஊர்ல ஆயிரம் டமாரம் இருக்கும்."

"தொண்ட அடைச்சுக்குமேடா."

"அப்ப இருமிட்டுச் சொல்லு."

சமையலறையிலிருந்து மனைவி எட்டிப் பார்த்தார். "ஏங்க, பாவாடைய எரிச்சுடாதீங்க. அவ கேக்கறதச் செஞ்சாத்தான் என்ன? பதினேழு வருஷமா நான் எதாவது கேட்டேனா?"

அவர் சத்தியம் செய்து கொடுத்தார். எட்டு பத்துக்கு என்றார். மகள் எட்டரைக்குப் பஸ் பிடிக்க வேண்டும், அதற்குள் என்றார்.

திங்கட்கிழமை ஸ்டூடியோவுக்குள் போனால், மேடம் சிரித்துக்கொண்டு நிற்கிறார். மேடம் என்றால் இப்போதைய மேனேஜர், முப்பத்தைந்து வயதுக்காரர். "தம்பி! மெத்தக் கம்பெனி ஓகே சொல்லிட்டாங்க. இந்த வாரம் முழுக்க 'தம்பிக்குப் பொண்ணு பாக்குற வாரம்'. எட்டுலேருந்து எட்டரை வரைக்கும் போன் மட்டும்தான்."

"பொறந்தநாள் லிஸ்ட் மேடம்?"

"நாளைக்குப் படிச்சுக்கலாம்."

"நாளைக்குப் பொறந்தநாள் போயிடுமே மேடம்."

"யாருக்கு?"

அவர் லிஸ்டைப் பார்த்தார். மேலிருந்து மூன்றாவது வரியில் அவர் கையெழுத்திலேயே எழுதியிருந்தது. "எல்லாருக்கும்தான் மேடம்" என்றார்.

ஸ்டூடியோ என்பது பெரிய அலமாரி மாதிரி ஓர் அறை. ஜன்னல் கிடையாது. சுவரெல்லாம் சாம்பல் நிறப் பஞ்சு, கதவுக்கு மேலே சிவப்பு விளக்கு. விளக்கு எரிந்தால் உள்ளே யாரும் வரக்கூடாது, உள்ளே இருப்பவர் வெளியே போகவும் கூடாது. அன்றும் ஏழு மணிக்கு எரிந்தது. எட்டு மணிக்கு முதல் போன் தையல் அக்கா. மூன்று வரன் கொண்டுவந்திருந்தார். ஒரு பெண் டீச்சர், ஒரு பெண் கம்ப்யூட்டர் வேலை, ஒரு பெண்ணுக்கு நாய் என்றால் உயிர்.

"நாயும் சேந்து வருமா அக்கா?"

"உன்னையே சேத்துக்குறாங்க, நாய்க்கென்னடா!"

ஊர் சிரித்தது. கடிகாரம் எட்டு பத்து. இன்னொரு போன். எட்டு பதினைந்து. நடுவில் ஒரு மூச்சு இடம் கிடைத்தால் ஒரே வரியைச் சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தார், மெத்தை விளம்பரம் வந்து விழுந்தது. எட்டு இருபது. வீட்டு மேஜையில் ரேடியோவுக்கு முன்னால், பையை மாட்டிக்கொண்டு, ஷூ போட்டுக்கொண்டு அவள் நிற்பது கண்ணெதிரே தெரிந்தது. லிஸ்டை மடியில் வைத்து உள்ளங்கையால் மூடிக்கொண்டார்.

எட்டு இருபத்திரண்டுக்கு மூன்றாவது லைன் மின்னியது. கண்ணாடி அண்ணன் கணினியில் எழுதிக்காட்டினார்: 'ஸ்கூல் பொண்ணு. தம்பிக்கு வரன் இருக்காம். ஜாலியா இருக்கும்.'

தம்பி பொத்தானை அழுத்தினார். வாய் தானாகவே பேசியது. "வணக்கம் அக்கா! ரேடியோ சத்தத்தக் கொஞ்சம் குறைச்சுட்டுப் பேசுங்க அக்கா!"

யார் போன் செய்தாலும் முதலில் சொல்கிற வார்த்தை அது. ரேடியோ பக்கத்தில் அலறினால் போனுக்குள் புகுந்து கூக்குரலிடும். இருபது வருஷமாக ஒரு நாளைக்கு முப்பது தடவை சொன்னது. மறுமுனையில் அவருடைய குரலே அவருக்குப் பின்னால் கூவிவிட்டுத் தேய்ந்து நின்றது.

"குறைச்சுட்டேன்."

ஒரே வார்த்தை. போதாதா பெற்றவனுக்கு?

"நான் அக்கா இல்ல" என்றது குரல். "டமாரம்."

பெற்ற பெண்ணை அக்கா என்று கூப்பிட்டுவிட்டார், ஊரே கேட்க. மைக்குக்காரன் தவிர வேறு எந்தத் தொழில்காரனுக்கு இந்தத் தப்பு வரும் சொல்லுங்கள்.

"சொல்லுங்க... சொல்லு டமாரம். வரன் இருக்குன்னு சொன்னியாமே?"

"பொய் சொன்னேன். இல்லன்னா லைன் குடுக்க மாட்டாங்க. இன்னிக்கு எனக்குப் பொறந்தநாள். எட்டு பத்துக்கு வரும்னு சொன்னாங்க. வரல."

கண்ணாடிக்கு அந்தப்பக்கம் மேடம் நிமிர்ந்து பார்த்தார். தம்பியின் வாய் பழக்கத்தில் ஓடியது. "யாரெல்லாம் வாழ்த்துறாங்க?"

"அம்மா."

"அப்புறம்?"

"அப்புறம் யாருமில்ல."

"அப்பா?"

"இருக்காரு." அவள் மூக்கை உறிஞ்சினாள். "வெளியில வந்தா வாயே தெறக்க மாட்டாரு."

அவர் ஹெட்போனைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். அந்த இளவட்டத்தின் குரல் காதில் விழக்கூடாது என்று நினைத்தாரோ என்னவோ. போனிலிருந்து வரும் சத்தம் ஹெட்போனுக்குள்ளிருந்து எறும்பு மாதிரி கேட்டுக்கொண்டிருந்தது. மைக்குக்குக் கிட்டே போனார். நெஞ்சிலிருந்து பேசினார்.

"டமாரம், அப்பாதாம்மா பேசுறேன். உன்னப் பெத்தவன். எனக்குக் கல்யாணம் ஆகிப் பதினேழு வருஷம் ஆச்சு. எனக்கு வயசு நாப்பத்திமூணு. தலையில முடி இல்ல. நீ பொறந்தன்னிக்கு நான் இங்கதான் உக்காந்திருந்தேன், உங்கம்மாவ ஆஸ்பத்திரியில விட்டுட்டு. இவ என் பொண்ணு, ஊரே கேட்டுக்குங்க. என் பொண்ணுக்கு இன்னிக்குப் பதினாறு வயசு. வாழ்த்துறது அப்பா."

தொண்டை அடைக்கவில்லை. இரும வேண்டிய அவசியமே வரவில்லை.

"தேங்க்ஸ்ப்பா" என்று எறும்புக் குரல் சொன்னது. "பஸ் வந்துடும்." லைன் நின்றது.

அவர் நிமிர்ந்து பார்த்தார். முடிந்தது, வேலை போயிற்று என்று நினைத்தார். நினைத்தபோது மார்பிலிருந்து ஏதோ பாரம் இறங்கி, நன்றாக மூச்சு வந்தது. ஹெட்போனைச் சுருட்டி வைத்துவிட்டு எழுந்துகொள்ளக்கூடத் தயாராகிவிட்டார்.

கண்ணாடிக்கு அந்தப்பக்கம் கண்ணாடி அண்ணன் மேஜையைத் தட்டித் தட்டிச் சிரித்துக்கொண்டிருந்தார்.

எல்லா லைனும் ஒன்றாக மின்னின. பழக்கம்தான், அவர் ஹெட்போனை மாட்டிக்கொண்டு ஒன்றை அழுத்தினார். தையல் அக்கா. "அடப் பாவி! ஒரு நிமிஷம் நெஞ்சு பக்குனு ஆயிடுச்சுடா! நாப்பத்திமூணாம்! முடி இல்லையாம்! இந்தக் கீச்சுக் குரல வெச்சுக்கிட்டு என்னமா நடிக்கிறான் பாரேன். என் வீட்டுக்காரரு கீழ விழுந்து சிரிக்கிறாரு."

"அக்கா, நெஜமாத்தான் சொல்றேன்க்கா" என்றார்.

ஹெட்போனுக்குள் ஓர் இருபத்திரண்டு வயதுப் பையன், பெரிய மனுஷன் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு, நெஜமாத்தான் சொல்றேன்க்கா என்றான். அவருக்கே சிரிப்பு வருகிற மாதிரி இருந்தது அது. குமிழ் பாதிச் சுற்றில் அப்படியே நின்றிருந்தது.

பத்து மணிக்குச் சிவப்பு விளக்கு அணைந்ததும் மேடம் உள்ளே வந்தார்.

"மேடம், அது நெஜம். என் பொண்ணு."

"தெரியுமே. அதான் அவ்வளவு நல்லா வந்துச்சு!" நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "இத்தன வருஷம் ஏன் தம்பி இந்த ஐடியா சொல்லல? கல்யாணம் ஆகாத தம்பிக்கு ஒரு கற்பனப் பொண்ணு. மெத்தக் கம்பெனிக்காரரு போன் பண்ணிட்டாரு, டெய்லி வேணுமாம். பேரு டமாரம்தான். ஆனா பதினாறு வேணாம், சோகமா இருக்கு. ஆறு வயசு வெச்சுக்கலாம், கொஞ்சம் மழலையோட."

"மேடம், வேணாம். அவ பேரு அது."

"உங்க பொண்ணக் கூப்புடல தம்பி. நெஜப் பொண்ணு வந்தா ஸ்கூல்ல பேசிடும், மாட்டிக்குவோம். வேற ஆளு பாத்துட்டேன்." எழுந்து போகும்போது தோளைத் தட்டினார். "கையெழுத்து போட்டது ஞாபகம் இருக்குல்ல? இருபது வருஷமா நீங்க கட்டுனது. நீங்களே இடிச்சுடாதீங்க."

சாயங்காலம் வீட்டுக்குப் போனார். மனைவி மருந்துக்கடை வேலையிலிருந்து வந்து காலைத் தொங்கப்போட்டு உட்கார்ந்திருந்தார். கடையிலும் தம்பிதான் ஓடுமாம்.

"கேட்டியா?"

"கேட்டேன்." அவர் நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். "யாரோ சின்னப் பையன் நாடகம் போடற மாதிரி இருந்துச்சுங்க. கூட வேல செய்யற பொண்ணு விழுந்து விழுந்து சிரிச்சா. நானும் சிரிச்சேன். வேற என்ன பண்றது?"

மகள் பையைக்கூட இறக்கிவைக்காமல் உள்ளே வந்தாள். முகமெல்லாம் வெளிச்சம். "அப்பா! சூப்பரா சொன்னப்பா!"

"நீ சிரிக்கலையா?"

"எதுக்குச் சிரிக்கணும்? வீட்ல பேசற மாதிரியே பேசுன. நீதான் ரேடியோவக் குறைக்கச் சொன்னியே, குறைச்சுட்டேன். போன்லதான் கேட்டேன்."

அப்போதுதான் அவருக்கு உறைத்தது. ஊரில் லட்சம் பேர் கேட்டார்கள். அப்பாவின் குரலைக் கேட்டது அவள் ஒருத்திதான்.

வெளிச்சம் ரொம்ப நேரம் நிற்கவில்லை. ஷூவைக் கழற்றும்போது மெதுவாகச் சொன்னாள். "பஸ்ல எல்லாரும் அதத்தான் பேசிட்டிருந்தாங்க. அந்த டமாரம் நான்தான்னு சொன்னேன். 'போடி, உங்கப்பாவுக்குத்தான் பேச்சே வராதே'ன்னாங்க. டீச்சர்கிட்டயும் சொன்னேன். அவங்க என்னையப் பாவமாப் பாத்தாங்கப்பா."

மேடம் சொன்னதைச் சொல்ல வேண்டியிருந்தது, அதைச் சொன்னார். அவள் ஒரு ஷூவைக் கையில் வைத்துக்கொண்டே கேட்டாள்.

"என் பேரையுமா?"

அடுத்த வாரம் புது ஆள் வந்தார். பொம்மைப் படங்களுக்குக் குழந்தைக் குரல் கொடுக்கிற பெண், இருபத்தாறு வயது, நல்ல மரியாதை. ஸ்டேஷனிலேயே அவரைத் தம்பி என்று சொல்லாத ஒரே ஆள் அந்தப் பெண்தான். "சார், எதிர்ல உக்காரட்டுமா?" என்று கேட்டு உட்கார்ந்தார். சிவப்பு விளக்கு எரிந்ததும் கன்னத்தை உப்பவைத்துக்கொண்டு, "அப்பா, எனக்குப் புது மெத்த வாங்கித் தா" என்று மழலையில் கொஞ்சினார். ஊர் அப்படியே சொக்கிப் போனது. டமாரம் படம் போட்ட தலையணை உறைகூட வந்துவிட்டது. காய்கறிக்கடை அம்மா அவரிடமே சொன்னார், "கேட்டீங்களா சார், அந்தக் கொழந்தைய? கடிச்சுத் தின்னுடலாம் போல இருக்கு." அவர் தலையாட்டினார். கூடுதல் தக்காளி ஒன்று விழுந்தது.

வீட்டில் டமாரம் என்று இப்போது யாரும் கூப்பிடுவதில்லை. யாரும் பேசிவைத்துக்கொண்டு நிறுத்தவில்லை, தானாக நின்றுவிட்டது. வேறு பெயரும் வைக்கவில்லை. "இந்தா", "இங்க வா" என்று ஓடிக்கொண்டிருக்கிறது.

மூன்று மாசம் இருக்கும். பள்ளிக்கூடம் விடுமுறை விட்டிருந்த ஒரு காலை, மூன்றாவது லைன் மின்னியது. கண்ணாடி அண்ணன் எழுதிக்காட்டினார்: 'யாரோ ஒரு அக்கா. சும்மா பேசணுமாம்.'

"வணக்கம் அக்கா! ரேடியோ சத்தத்தக் கொஞ்சம் குறைச்சுட்டுப் பேசுங்க அக்கா!"

"குறைச்சுட்டேன் தம்பி" என்றது குரல். அடித்தொண்டையில் கனமாக்கி, முப்பது வயதுக்காரி மாதிரி பேசப் பார்த்த குரல். ஊரை ஏமாற்றலாம். அவரை ஏமாற்ற முடியுமா?

அவர் ஹெட்போனை ஒரு பக்கம் தள்ளிவிட்டுக்கொண்டு, கொஞ்சம் மெதுவாகப் பேசினார். "சொல்லுங்க அக்கா. சாப்டீங்களா?"

"சாப்டேன் தம்பி. அம்... வீட்ல பெரியவங்க வேலைக்குப் போயிட்டாங்க. தனியா இருக்கேன்."

"என்ன பாட்டு வேணும் அக்கா?"

"பாட்டு வேணாம். நீங்க பேசுங்க. போன்ல கேக்க நல்லா இருக்கு."

என்ன பேசுவார்? கண்ணாடிக்கு அந்தப்பக்கம் மேடம் விரலைச் சுழற்றினார், சீக்கிரம் முடி என்று. எதிரே மழலைப் பெண் தாளைப் பார்த்தார். அடுத்த வசனம் அவருடையது. கன்னத்தை உப்பவைத்துக்கொண்டார்.

"அப்பா, அப்பா! போன்ல யாரு?"

மறுமுனையில் மூச்சு கேட்டது. ரேடியோ சத்தம் துளிக்கூட இல்லை. அவள் நன்றாகவே குறைத்திருந்தாள்.

"யாரோ ஒரு அக்காம்மா" என்றார் தம்பி.

அவ்வளவுதான் கதை. உங்கள் வீட்டிலும் வேலைக்காக வெளியில் ஒரு ஆளாகவும் உள்ளே ஒரு ஆளாகவும் இருந்தவர் யாராவது உண்டா? அப்பாவோ, அத்தையோ, நீங்களேதானோ? அவர்களை வீட்டில் எந்தப் பெயர் சொல்லிக் கூப்பிட்டீர்கள், அந்தப் பெயர் கடைசியில் என்ன ஆனது? நாலு வரியானாலும் எழுதிப் போடுங்கள். சர்டிபிகேட் பெயர் வேண்டாம், வீட்டுப் பெயரே போதும்.